பென் அம்மாளின் சம்மதம்

பினோம்பென் நகரத்தில் கதை சொல்லிப் பிழைக்கிறவர்களை ஒழுங்குபடுத்த ஒரு ஆணையம் எப்படி வந்தது என்பதை இரண்டு விதமாகச் சொல்வார்கள். ஆணையம் சொல்லும் விதத்தில் 'பண்பாட்டின் கண்ணியம்' என்ற சொல் அடிக்கடி வரும். ஊர் சொல்லும் விதம் சுருக்கமானது. ஆற்றங்கரையில் பெரிய ஓட்டல் கட்டிய ஒருவரின் தாத்தா பன்றி விற்றவர் என்று ஒரு கைடு ஜப்பான்காரர்களிடம் சொல்லிவிட்டான். அவர்கள் அதே ஓட்டலில் போய்த் தங்கி, முதலாளியிடமே தாத்தாவைப் பற்றி அன்போடு விசாரித்திருக்கிறார்கள். அடுத்த மாதமே நகரச் சுற்றுலாக் கதை ஒழுங்கு ஆணையம் பிறந்துவிட்டது.

அதன் முதல் விதி: எவர் கதையையும் அவருடைய சம்மதம் இல்லாமல் பயணிகளிடம் சொல்லக் கூடாது. இரண்டாம் விதியை யோசிப்பதற்கு ஒரு துணைக்குழு போட்டிருந்தார்கள்.

சரோம் இந்த ஊரில் தனியார் சுற்றுலாக் கைடு. ஐம்பதைத் தாண்டியவள். பஸ் நிறைய ஆட்களை ஏற்றிக்கொண்டு கொடியைத் தூக்கிப் பிடிக்கிற வேலை அவளுக்கு ஆகாது. ஒரு தம்பதி, இல்லையென்றால் ஒரு குடும்பம், அவ்வளவுதான். தோல் என்பவனுடைய துக்துக் ஆட்டோவில் அவர்களை ஏற்றிக்கொண்டு, பென் அம்மாள் குன்றில் தொடங்கி, அரண்மனை வழியாக, பள்ளிக்கூடமாக இருந்து, ஆயிரக்கணக்கானவர்களை வதைத்துக் கொன்ற சிறையாகிப் போன கட்டடத்துக்கு வருவாள். அதற்குப் பிறகு பயணிகள் யாரும் பேச மாட்டார்கள். அந்த மௌனத்தோடேயே ஒருஸ்ஸே சந்தை முனைக்குக் கூட்டி வருவாள்.

அங்கே இப்போது ஒரு கைபேசிக் கடை இருக்கிறது. முன்பு அவளுடைய அப்பா தெப் யோனின் முடிதிருத்தும் கடை இருந்தது. எழுபத்தைந்தாம் வருடம், சித்திரைப் புத்தாண்டு முடிந்த கையோடு, நகரத்தைப் பிடித்த புரட்சிப் படைக்காரர்கள் ஊர் மொத்தத்தையும் துப்பாக்கி முனையில் வெளியே துரத்தினார்கள். அந்தக் கூட்டத்தில் இந்த முனை வரைக்கும் அப்பா கூட வந்தார். 'அடுப்புல சோத்துப் பானைய விட்டுட்டேன், எடுத்துட்டு வந்துடறேன், நீங்க மெல்லப் போய்க்கிட்டே இருங்க' என்று சொல்லிவிட்டுத் திரும்பினார். சரோம் அப்போது சின்னப் பெண். அம்மாவும் அவளும் மெல்லத்தான் போனார்கள்.

பயணிகள் எல்லாரும் 'பிறகு?' என்று கேட்பார்கள். "பிறகு வெயில் ஏறிடுச்சு, வண்டில ஏறுங்க" என்பாள். சுற்றுலா அத்துடன் முடிந்துவிடும்.

அப்பாவின் பெயரை அவள் வாய்விட்டுச் சொல்வது அந்த முனையில் மட்டும்தான். முன்னோருக்குப் படைக்கும் பிச்சும் பென் நாட்களில் விகாரைக்குப் போய், செத்தவர்கள் பெயரையெல்லாம் பிக்குகளிடம் கொடுப்போம், அவர்கள் உரக்கக் கூப்பிட்டு ஓதுவார்கள், பசியோடு திரியும் முன்னோர் வந்து சோறு வாங்கிக்கொள்வார்கள். அம்மா உயிரோடு இருந்தவரை அப்பாவின் பெயரைக் கொடுத்ததில்லை. அம்மா போன பிறகு சரோம் அம்மாவின் பெயரைக் கொடுத்தாள். அப்பாவின் பெயரைக் கொடுக்க வாய் வரவில்லை. கொடுத்தால் செத்தவர் ஆகிவிடுவார், கொடுக்காவிட்டால் பட்டினி கிடப்பார். ஒவ்வொரு வருடமும் இந்த இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு, யாருடையது என்று சொல்லாமல் ஒரு உருண்டைச் சோற்றைக் கூடுதலாக வைத்துவிட்டு வருவாள்.

இப்படிப்பட்டவள்தான் லைசென்ஸைப் புதுப்பிக்க ஆணையத்துக்குப் போனாள்.

ஆணையத்தின் துணைத் தலைவர் பெயர் வண்டேத். பெரிய அதிகாரிகளை எங்கள் ஊரில் ஏகோத்தமர் என்று சொல்ல வேண்டும். சும்மா ஐயா என்று கூப்பிட்டால் அவர்களுக்குக் காது கேட்காது. ஏகோத்தமர் வண்டேத்தின் அறைக்கு வெளியே மெங் என்ற எழுத்தர் உட்கார்ந்து, உள்ளே போகிறவர்களுக்குக் கும்பிடுவதில் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தார்.

"மார்புக்கு நேரா கும்பிட்டா சமமானவங்களுக்கு. வாய்க்கு நேரா பெரியவங்களுக்கு. மூக்குக்கு நேரா அப்பா அம்மா, வாத்தியாருக்கு. ஏகோத்தமருக்கு மூக்குக்கும் புருவத்துக்கும் நடுவுல."

"அப்படி ஒரு கும்பிடு இருக்கா?" என்று சரோம் கேட்டாள்.

"போன மாசம்தான் வந்துது."

சரோம் புருவத்துக்கும் மூக்குக்கும் நடுவில் ஒரு இடத்தைப் பிடித்துக் கும்பிட்டுக்கொண்டே உள்ளே போனாள். ஏகோத்தமர் அவளுடைய சுற்றுலா விவரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உங்க டூர்ல ராஜாக்கள் நிறைய வர்றாங்க. அதெல்லாம் அரண்மனை சம்பந்தப்பட்டது, அப்புறம் பாத்துக்கலாம். இந்த பென் அம்மாள் யாரு?"

சரோம் அவரை ஒரு நிமிடம் பார்த்தாள். அந்த அம்மாளின் பெயரைத்தான் ஊருக்கே வைத்திருக்கிறார்கள். ஏகோத்தமரின் லெட்டர்பேடில்கூட அது இருந்தது.

"ஆத்து வெள்ளத்துல மிதந்து வந்த மரத்துக்குள்ள புத்தர் சிலைகளக் கண்டெடுத்து, குன்று எழுப்பி, கோயில் கட்டினவங்க, ஏகோத்தமரே."

"அது தெரியும். அவங்க சம்மதம் எங்க?"

"அவங்க செத்து அறுநூறு வருஷத்துக்கு மேல ஆச்சுங்க."

"வாரிசு?"

"ஊரே வாரிசுதானுங்க."

"அப்ப ஊரைக் கூட்டிட்டு வாங்க. அதுக்குப் பெரிய ஹால் வேணும். அதுக்கு வேற துறையில அனுமதி வாங்கணும்." அவர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டார். "பாருங்கம்மா. இந்த ஆணையம் மக்களுக்காகத்தான் இருக்கு. ஆனா மக்கள் அவங்க இஷ்டத்துக்கு அவங்க கதைய அவங்களே சொல்ல ஆரம்பிச்சா, நாங்க எதுக்கு இருக்கோம்ன்னு ஒரு கேள்வி வந்துடும். அந்தக் கேள்வி வராம பாத்துக்கறதுதான் எங்க பணி."

சரோமுக்குத் தலை சூடாகிவிட்டது. காலையிலிருந்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தவள். நுணலும் தன் வாயால் கெடும் என்பது சும்மாவா?

"அப்ப ஒண்ணு பண்ணுங்க. ஒரு சாமியாடியக் கூப்பிட்டு, பென் அம்மாளையே இறக்கிக் கேட்டுடுங்க."

குத்தலாகத்தான் சொன்னாள். ஏகோத்தமர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். "மெங், எழுது" என்றார்.

தோலின் தெருமுனையில் லாய் என்ற பெண் காலையில் அரிசிச் சேவையும் மீன்குழம்பும் விற்பாள். பௌர்ணமி, அமாவாசைகளில் அவள்மேல் சாமி வரும். இந்த ஊரில் சாமியாடிக்குப் பஞ்சமில்லை. இருந்தாலும் தெரிந்தவளாக இருக்கட்டும் என்று சரோம் அவளிடம் போனாள்.

"ஐயய்யோ அக்கா," என்று லாய் கரண்டியைக் கீழே வைத்தாள். "எனக்கு வர்றது சின்னச் சாமி. மிஞ்சிப் போனா காணாமப் போன மோட்டார்சைக்கிள் எந்தத் திக்குலன்னு சொல்லும். பென் அம்மாள்லாம் பெரிய இடம்."

"எனக்கு லைசென்ஸ் வேணும் லாய். சீசன் ஆரம்பிக்கப் போகுது. முயற்சி பண்ணு."

"ஆபீஸ்ல ஏசி இருக்குமா?"

"இருக்கும்."

"அப்ப வரேன்."

கூட்ட அறையில் நீள மேசை போட்டு, வெள்ளைத் துணி விரித்து, ஆளுக்கொரு தண்ணீர் பாட்டில் வைத்திருந்தார்கள். பென் அம்மாளுக்கும் ஒன்று. அவர் பெயர் எழுதிய பலகையும் ஒன்று. முதல் சிக்கல் கும்பிடுவதில் வந்தது. பென் அம்மாள் தெய்வம் என்றால் எல்லாரும் நெற்றிக்கு நேராகக் கும்பிட வேண்டும். விசாரணைக்கு வந்த சாட்சி என்றால் அவர்தான் ஏகோத்தமரைக் கும்பிட வேண்டும். இதைப் பற்றி மேலதிகாரியிடம் தொலைபேசியில் கேட்டார்கள். மேலிருந்து, இரண்டு தரப்பும் ஒரே நேரத்தில் கும்பிடலாம், யார் கை எந்த உயரத்தில் இருந்தது என்பதைக் குறிப்பில் எழுத வேண்டாம் என்று பதில் வந்தது.

லாய் பத்தியைக் கொளுத்தினாள். ஒரு கட்டு முழுசாக. புகை மேலே போய்க் கூரையில் இருந்த ஒரு வெள்ளை டப்பாவைத் தொட்டதும் கட்டடமே அலறியது. பாதுகாப்பு விதிப்படி ஏகோத்தமர் முதலில் வெளியேறினார். அவர் வெளியேறுவதைப் படமெடுக்க ஒருவர் பின்னோக்கி ஓடினார். கடைசியில் எல்லாரும் கார் நிறுத்துமிடத்தில் வெயிலில் நின்றபோதுதான் லாய்மேல் பென் அம்மாள் இறங்கினார்.

"எவன்டா இங்க வண்டிய நிறுத்தினது? என் குளம் இருந்த இடம் இது." குரல் தடித்திருந்தது. அரிசிச் சேவை விற்கும் லாயின் குரலில்லை. ஏகோத்தமரின் ஓட்டுநர் ஓடிப்போய் வண்டியை எடுத்தார்.

"வணக்கத்துக்குரிய பென் அம்மாள் அவர்களே," என்று ஏகோத்தமர் ஆரம்பித்தார். "தங்களுடைய கதையை உரிமம் பெற்ற கைடுகள் சொல்வதற்கு..."

"வெத்தல இருக்காடா பையா?"

ஏகோத்தமரைப் பையா என்று கூப்பிட்டு முப்பது வருடமாவது இருக்கும். அவர் மெங்கைப் பார்த்தார். மெங் தரையைப் பார்த்தார். தோல் தன் மடியிலிருந்து வெற்றிலையை எடுத்துக் கொடுத்தான். அவன் எதற்கு அங்கே வந்தான் என்று பிறகு விசாரணை நடந்தது.

"என் கதையா?" என்று பென் அம்மாள் மென்றுகொண்டே சொன்னார். "கேட்டுக்க. வெள்ளம் வந்துது. கட்டை மிதந்து வந்துது. அந்த வருஷம் விறகு ஈரமாப் போச்சு. நாலு ஆளக் கூட்டி அந்தக் கட்டையக் கரைக்கு இழுத்தேன். பிளக்கலாம்னு பாத்தா உள்ள புத்தர்."

ஏகோத்தமரின் முகம் மாறியது. "அம்மாளுக்கு நினைவு தப்பியிருக்கலாம். ஆணையத்தின் நூலில், தாங்கள் பக்திப் பெருக்கால் புனிதச் சிலைகளைத் தேடி ஆற்றங்கரைக்குச் சென்றதாக இருக்கிறது."

"நான் எதுக்குடா தேடறேன்? அடுப்பெரிய விறகு இல்லன்னு சொல்றேன்."

"விறகு என்ற சொல் நூலில் இல்லை."

"உன் நூலுல இல்லன்னா சோறு வெந்துடுமா?"

சரோமுக்குச் சிரிப்பு வந்தது. பல நாளைக்குப் பிறகு வந்த சிரிப்பு. ஆனால் ஏகோத்தமர் சிரிக்கவில்லை. நிமிர்ந்து நின்று, மெங் எழுதிக்கொள்ள வசதியாக நிறுத்தி நிறுத்திச் சொன்னார்:

"தங்களுக்கு வரலாறு சொல்லும் உரிமம் இல்லை. உரிமம் இல்லாமல் பொது இடத்தில் வரலாறு சொல்வது குற்றம். தங்கள் வயதை முன்னிட்டு இந்த முறை எச்சரிக்கையோடு விடுகிறோம். தாங்கள் சொல்வதற்குச் சம்மதம் கேட்கவில்லை. நாங்கள் சொல்வதற்குச் சம்மதம் கேட்கிறோம்."

பென் அம்மாள் வெற்றிலைச் சாற்றில் கட்டை விரலைத் தொட்டு, அவர் நீட்டிய தாளில் சிவப்பாக ஒரு அழுத்து அழுத்தினார். "என்னத்தையோ சொல்லிக்கங்கடா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். லாய் கார் நிறுத்துமிடத்தில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டாள். பென் அம்மாளுக்கு வைத்த பாட்டிலைக் கொடுக்கலாமா என்று மெங் யோசித்தார்.

இந்த வெற்றி ஆணையத்தின் தலைக்கேறிவிட்டது. நாட்டிலேயே முதல்முறையாக இறந்தவர்களிடம் நேரடியாகச் சம்மதம் பெற்ற அலுவலகம் என்று வாசலில் துணி கட்டினார்கள். லாய்க்கு 'முற்கால நபர்கள் பிரதிநிதி' என்று பதவி, சுழல் நாற்காலி, கழுத்தில் மாட்ட ஒரு அட்டை. ஊரில் உள்ள கைடுகள் எல்லாரும் வரிசையில் நின்றார்கள். அரண்மனையைச் சேர்ந்தவர்கள் என்று ஒதுக்கி வைத்திருந்த ராஜாக்களையும் இப்போது கூப்பிட்டுவிட்டார்கள். ராஜாக்கள் வந்தார்கள், ராணிகள் வந்தார்கள், ஒரு யானைப் பாகன் வந்தான், அவனோடு யானையும் வந்ததாக லாய் சொன்னாள். அங்கோரைக் கைவிட்டுத் தலைநகரை இங்கே மாற்றிய மன்னர் மதிய இடைவேளையில் வந்துவிட்டார். இரண்டு மணிக்கு மேல் வரச் சொன்னார்கள்.

லாய் வெளியே வரும்போதெல்லாம் சரோமிடம் புலம்புவாள். "வந்தவங்க யாருன்னே எனக்குத் தெரியல அக்கா. வாய்க்கு வந்தத சொல்றேன், கைநாட்டு வெக்கிறேன். மீன்குழம்பு விட்டுப் போச்சு. குழம்பு வெக்கறவளா இருந்தேன், இப்ப நாடு ஆளுறேன்."

சரோமின் சுற்றுலாவில் எல்லாருக்கும் சம்மதம் வந்துவிட்டது. ஒருவரைத் தவிர.

"தெப் யோன்," என்று ஏகோத்தமர் படித்தார். "முடிதிருத்துபவர். ஒருஸ்ஸே சந்தை முனை. இவர் உங்களுக்கு என்ன வேணும்?"

"அப்பா."

"சம்மதம்?"

சரோமுக்கு அப்போதுதான் விஷயம் உறைத்தது. இத்தனை நாள் ராஜாக்களைப் பற்றியே யோசித்துக்கொண்டிருந்தவள் இதைப் பற்றி நினைக்கவே இல்லை. "அந்தக் கதைய எடுத்துடறேன் ஏகோத்தமரே. அந்த முனைல வண்டிய நிறுத்தல. குன்று, அரண்மனை, சிறை, அதோட முடிச்சுக்கறேன்."

"எடுக்க முடியாதும்மா. மனு குடுத்தாச்சு. ஒருத்தர் கதையச் சொல்றதுக்கு அவர் சம்மதம் வேணும்ன்னா, சொல்லாம விடறதுக்கும் அவர் சம்மதம் வேணுமில்ல? நாளைக்கு அவர் வந்து, என் கதைய ஏன் எடுத்தீங்கன்னு கேட்டா ஆணையம் என்ன பதில் சொல்லும்?"

"அவர் வரமாட்டாருங்க."

"அப்ப இறந்துட்டாரா?"

சரோம் மனுவில் இருந்த அப்பாவின் பெயரைப் பார்த்தாள்.

"ரெண்டே வழிதான். உயிரோட இருந்தா நேர்ல கூட்டிட்டு வாங்க. இறந்துட்டாருன்னா லாய் இருக்காங்க, பக்கத்து அறைதான், அஞ்சு நிமிஷ வேலை. ரெண்டுல எதுன்னு மட்டும் சொல்லுங்க."

"எனக்குத் தெரியாதுங்க."

"தெரியாதுங்கறது ஒரு வழியில்ல." அவர் குரலில் கோபம்கூட இல்லை. "இவ்வளவு வருஷமா ஒரு முடிவெடுக்காம இருந்திருக்கீங்க. உங்களுக்கு உதவி பண்ணத்தான் நாங்க இருக்கோம்."

அன்று சாயந்திரம் தோல் துக்துக்கை ஆற்றோரம் நிறுத்தினான். மழைக்காலத்தில் எங்கள் ஆறு திசை மாறி ஓடும்; அன்றும் வந்த வழியே திரும்பி ஏரியைப் பார்த்து ஓடிக்கொண்டிருந்தது. கரும்புச் சாறு வாங்கி அவள் கையில் கொடுத்தான்.

"எதுக்கு இவ்வளவு யோசிக்கிற? லாய் நம்ம பொண்ணு. உக்காந்து ரெண்டு ஆட்டம் ஆடி, சரி மகளேன்னு சொல்லிட்டுப் போயிடுவா. யானைக்கே கைநாட்டு வெச்சவ."

"அதுதான்டா பயமா இருக்கு."

"இதுல என்ன பயம்?"

"அவ பொய்யா சொன்னாலும் அப்பா செத்துட்டாருன்னு ஆயிடும். கவர்மெண்டு முத்திரையோட. எங்கம்மா சாகற வரைக்கும் சொல்லாத வார்த்தை அது."

தோல் வீட்டிலும் திரும்பி வராதவர்கள் உண்டு. இந்த ஊரில் யார் வீட்டில் இல்லை? அவர்கள் வீட்டில் ஒரு வருடம் உட்கார்ந்து அழுது, எல்லாப் பெயரையும் விகாரையில் கொடுத்து முடித்துவிட்டார்கள். "லைசென்ஸ் இல்லாம நீ என்ன பண்ணுவ?" என்று மட்டும் கேட்டான். "வேற எந்த வேலையும் உனக்குத் தெரியாது. எனக்கும் இந்த வண்டிய விட்டா கதி இல்ல."

அதுதான் உண்மை. லைசென்ஸ் இல்லாமல் பயணிகளோடு நின்றால் பிடித்துக்கொண்டு போவார்கள். இருபது வருடத்துக்கு மேலாக இந்த ஊரைச் சொல்லித்தான் சாப்பிடுகிறாள். சரோம் கரும்புச் சாற்றைக் குடிக்காமலேயே கையில் வைத்திருந்தாள். அப்பாவின்மேல் கூட அவளுக்குக் கோபம் வந்தது. ஒரு சோற்றுப் பானைக்காகவா திரும்பினாய்?

குறித்த நாளில் போனாள். கூரையில் இருந்த புகை எச்சரிக்கை டப்பாவை ஆணையம் கழற்றிவிட்டிருந்தது. அறைக்குள் போவதற்கு முன்னால் லாய் அவள் கையைப் பிடித்து ஓரமாக இழுத்தாள். அவள் கழுத்தில் அட்டை தொங்கியது.

"அக்கா, நீயே சொல்லு. வரணுமா, வேண்டாமா? நீ சொல்ற மாதிரி செய்றேன்."

வா என்றால் கொன்றதாகும். வராதே என்று பெற்ற அப்பனை எப்படிச் சொல்வது? சரோம் லாயின் கையை விட்டுவிட்டு உள்ளே போய் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள்.

மேசையில் பெயர்ப் பலகை இருந்தது. தெப் யோன், முடிதிருத்துபவர். ராஜாக்களுக்குத் தண்ணீர் பாட்டில் வைத்தவர்கள் இவருக்கு வைக்கவில்லை. லாய் பத்தியைக் கொளுத்தி, கண்ணை மூடிக்கொண்டாள். அறை அமைதியாக இருந்தது. சரோம் கதவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சாமி கதவு வழியாக வராது என்று தெரியும். இருந்தாலும் அவளுக்குக் கதவைத்தான் பார்க்கத் தோன்றியது. பத்தி எரிந்து எரிந்து சாம்பல் வளைந்தது. லாயின் உடம்பில் ஒரு நடுக்கம்கூட இல்லை. மெங் இருமினார். கடைசிக் குச்சியும் அணைந்தது.

லாய் கண்ணைத் திறந்தாள். "வரல" என்றாள்.

"வரலன்னா?" என்றார் ஏகோத்தமர்.

"வரல. கூப்பிட்ட குரலுக்கு ஆள் இல்ல."

ஏகோத்தமர் முதல்முறையாகக் குரலை உயர்த்தினார். "ராஜாக்கள் எல்லாம் இந்த அலுவலகத்துக்கு வந்து கைநாட்டு வெச்சுட்டுப் போயிருக்காங்க. ஒரு முடிவெட்டறவருக்கு என்ன இவ்வளவு பிகு?"

சரோம் எழுந்துவிட்டாள். நாற்காலி பின்னால் விழுந்தது. "அவர் பிகு பண்றவர் இல்ல," என்றாள். "வர்றேன்னு சொன்னா வர்றவர். உங்கள மாதிரி எத்தனையோ பேருக்குக் கைகட்டி நின்னு முடி வெட்டி விட்டவர். துப்பாக்கி வெச்சிருந்தவன் ஒருத்தன் அவர வர விடல. இப்ப பேனா வெச்சிருக்கற நீங்க, ஏன் வரலன்னு அவரையே கேக்கறீங்க."

மெங் பேனாவைக் கீழே வைத்தார். ஏகோத்தமர் தன் கழுத்துப்பட்டையைச் சரி செய்துகொண்டார். அவர் வீட்டிலும் அந்த வருடங்களில் திரும்பி வராதவர் யாராவது இருந்திருக்கலாம். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் அவர் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார். அங்கே உட்கார்ந்தால் அதெல்லாம் நினைவுக்கு வராது போலிருக்கிறது.

"மெங், எழுது," என்றார். "முதல் அழைப்புக்குச் சம்பந்தப்பட்டவர் ஆஜராகவில்லை. அழைத்தும் வராததால் அவர் இறந்தவர் என்று ஆணையத்தால் ஏற்க முடியாது. ஆகவே அவர் உயிருடன் இருப்பதாகக் கொண்டு, நேரில் வருமாறு இரண்டாம் அழைப்பு அனுப்பப்படும். அதுவரை மகளின் உரிமம் நிறுத்தி வைக்கப்படும். முகவரி சொல்லுங்கம்மா."

"முகவரி தெரிஞ்சா நானே போய்க் கூட்டிட்டு வந்திருப்பேனே."

"கடைசியாத் தெரிஞ்ச முகவரி போதும்."

வராந்தாவில் லாய் பின்னாலேயே ஓடி வந்தாள். கழுத்து அட்டையைக் கழற்றி இடுப்பில் செருகியிருந்தாள். "அக்கா, திட்டாத. நான் கூப்பிடவே இல்ல."

சரோம் நின்றாள்.

"சும்மா கண்ண மூடிட்டு உக்காந்திருந்தேன். ராஜாவக் கூப்பிடறது எனக்கு விளையாட்டு. வந்தாலும் வராட்டியும் யாருக்கு என்ன? இது அப்படி இல்ல. நிஜமாவே கூப்பிட்டு, அவர் நிஜமாவே வந்துட்டா? உன் மூஞ்சில நான் எப்படி முழிப்பேன்? உன் லைசென்ஸக் கெடுத்துட்டேன் அக்கா."

சரோம் அவளைக் கட்டிக்கொண்டு அழுதாள். போகிற வருகிற குமாஸ்தாக்கள் பார்த்துக்கொண்டே போனார்கள். "நல்லது பண்ணின" என்றாள். அவள் அதை மனசாரத்தான் சொன்னாள். வேலை போன வயிற்றெரிச்சலும் அதே மனசில்தான் இருந்தது.

பிச்சும் பென்னுக்கு முன்னால் ஒருஸ்ஸே சந்தை முனையில் இரண்டாம் அழைப்பை ஒட்டிவிட்டார்கள் என்று தோல் வந்து சொன்னான். "கிழிச்சுப் போட்டுட்டு வரட்டுமா?" என்று கேட்டான். "நான் கிழிக்கறேன்" என்றாள் சரோம். ஆத்திரத்தோடு வண்டியில் ஏறினாள். வழியெல்லாம் அந்த ஆணையத்தைத் திட்டிக்கொண்டே வந்தாள். தோலும் அவன் பங்குக்குத் திட்டினான்.

கைபேசிக் கடைச் சுவரில், சார்ஜர் விளம்பரத்துக்குப் பக்கத்தில், ஆணைய முத்திரையோடு அது ஒட்டியிருந்தது. பெரிய எழுத்து.

'திரு தெப் யோன் அவர்கள், முடிதிருத்துபவர். இதைக் கண்டதும் தாமதமின்றி நேரில் வரவும். வராத பட்சத்தில் மூன்றாம் அழைப்பு அனுப்பப்படும்.'

கிழிக்கக் கையைத் தூக்கிய சரோம் அப்படியே நின்றாள். திரும்பவும் படித்தாள். அவர் போன பிறகு இத்தனை அரசாங்கம் வந்து போயிருக்கிறது. சாட்சி கேட்டார்கள், கணக்கெடுத்தார்கள், நினைவுத் தூண் கட்டினார்கள். இந்தத் தெப் யோன் வருவார் என்று ஒருவர்கூடச் சொன்னதில்லை. அவள் சோற்றைப் பறித்த இந்த முட்டாள் அலுவலகம்தான் அதை முத்திரை குத்தி எழுதியிருக்கிறது. அதை நினைத்தால் அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கை மட்டும் கிழிக்க மறுத்தது. தாளின் ஒரு மூலை பசை விட்டுத் தூக்கிக்கொண்டிருந்தது. அதை விரலால் அழுத்தி ஒட்டினாள்.

கடைக்காரன் வெளியே வந்தான். சின்ன வயசுக்காரன். "யாருங்க்கா இந்த ஆளு? ஏதாவது கேசா? அவர் வந்தா உடனே ஆபீஸுக்குச் சொல்லணும்னு நம்பர் குடுத்துட்டுப் போயிருக்காங்க."

சரோம் தன் நம்பரை அவனிடம் சொன்னாள். ஒவ்வொரு எண்ணாக, அவன் கைபேசியில் குறித்துக்கொள்ளும் வரை காத்திருந்து சொன்னாள்.

"வந்தா முதல்ல எனக்குச் சொல்லுங்க தம்பி. அவங்களுக்கு அப்புறம் சொல்லிக்கலாம்."